தக்காளிச் செடியில் நோயா? மருந்துக்கு முன்னால் அது எங்கே ஆரம்பித்தது என்று பாருங்கள்

பெங்களூர் ஹொரமாவில் மொட்டை மாடித் தோட்டம் வைத்திருக்கும் ஒருவர் கேட்டிருக்கிறார். ஜூலையில் குரோ பேக்கில் தக்காளி நட்டிருக்கிறார், இப்போது செப்டம்பர். அடி இலைகளில் பழுப்புப் புள்ளி விழுந்து மஞ்சளாகி உதிர்கிறது. இரண்டு செடிகளில் கொழுந்து சுருண்டு வளர்ச்சியே நின்றுவிட்டது. ஒரு செடி நேற்று வரை நன்றாக இருந்து இன்று தலை தொங்கிவிட்டது. வாரா வாரம் வேப்பெண்ணெய் அடிக்கிறேன், ஒன்றும் கேட்கவில்லை, எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரு மருந்து சொல்லுங்கள் என்கிறார்.

எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரு மருந்து கிடையாது. உங்கள் மாடியில் இப்போது மூன்று வெவ்வேறு பிரச்சினைகள் இருக்கின்றன. அடி இலைப் புள்ளி பூஞ்சையால் வருவது, அதை மருந்தடித்துக் கட்டுப்படுத்தலாம். கொழுந்து சுருளுவது வைரஸ், அதற்கு மருந்தே இல்லை, அதைக் கொண்டுவரும் பூச்சியைத்தான் தடுக்க வேண்டும். திடீரென்று தொங்கியது அநேகமாக மண்ணில் இருக்கும் பாக்டீரியா, அந்தச் செடியைப் பிடுங்கி எறிவதைத் தவிர வேறு வழியில்லை. மூன்றுக்கும் வேப்பெண்ணெய் அடித்தால் மூன்றும் கேட்காததில் ஆச்சரியம் ஒன்றுமில்லை.

எங்கள் குடும்பத்துக்கு ராயக்கோட்டைப் பக்கம் தக்காளிதான் முக்கியப் பயிர். நான் பெங்களூருக்கு வந்த பிறகும் மாடியில் தக்காளி வைக்காமல் இருந்ததில்லை. வயலானாலும் மாடியானாலும் நான் பார்த்த வரை, செடி சாவதற்குப் பெரும்பாலும் காரணம் நோயைத் தவறாக அடையாளம் காண்பதுதான். மருந்துக் கடையில் போய் "இலை மஞ்சளா இருக்கு" என்று சொன்னால் கையில் ஒரு பாக்கெட் கொடுப்பார்கள். இலை மஞ்சளாவதற்குப் பத்துக் காரணம் இருக்கிறது. அதனால் முதலில் செடியின் முன் உட்கார்ந்து, எந்த இடத்தில் ஆரம்பித்தது, எவ்வளவு வேகமாகப் பரவியது, அந்த வாரம் வானிலை எப்படி இருந்தது என்று பாருங்கள். இந்த மூன்றையும் வைத்தே பாதிக்கு மேல் தெரிந்துவிடும்.

அடியிலிருந்து மேலே ஏறுகிறதா? அப்படியானால் முன்பருவ இலைக்கருகலைத்தான் முதலில் சந்தேகப்பட வேண்டும். கர்நாடகக் கடைகளில் அங்கமாரி என்று சொன்னால் புரிந்துகொள்வார்கள், ஆனால் பின்பருவக் கருகலுக்கும் அதே பெயர்தான் என்பதால் எது என்று தெளிவாகக் கேட்டு வாங்குங்கள். மண்ணுக்கு மிக அருகில் இருக்கும் முதிர்ந்த இலையில் முதலில் மிளகு அளவுக்குப் பழுப்புப் புள்ளி வரும். இலையைப் பறித்து வெளிச்சத்தில் பிடித்து, கைப்பேசிக் கேமராவைப் பெரிதாக்கிப் பாருங்கள். புள்ளிக்குள் வட்டத்துக்குள் வட்டமாக, வெட்டிய மரத்தின் வளையம் போலக் கோடுகள் தெரியும். சுற்றிலும் மஞ்சள் விளிம்பு இருக்கும். அந்த வளையம் இருந்தால் ஆல்டர்னேரியா என்ற பூஞ்சை. 24 முதல் 29 டிகிரி வெப்பமும் ஈரமும் சேர்ந்தால் அது வேகமாக வளரும். நம் ஊரில் ஜூன் முதல் அக்டோபர் வரை கிட்டத்தட்ட எல்லா நாளும் அப்படித்தான். பழத்திலும் காம்புப் பக்கம் கருத்து உள்வாங்கிய வளையமாக வரும்.

வளையம் இல்லாமல், நடுவில் சாம்பல் நிறமும் ஓரத்தில் கரும்பழுப்பும் கொண்ட சின்னச் சின்னப் புள்ளிகள் இலை முழுக்க நிறைய இருந்தால் செப்டோரியா இலைப்புள்ளி. உற்றுப் பார்த்தால் சாம்பல் நடுவில் ஊசி முனை அளவு கரும்புள்ளிகள் தெரியும். இது பழத்தை ஒன்றும் செய்யாது, ஆனால் இலையெல்லாம் கொட்டிச் செடி மொட்டையாகி, காய் வெயிலில் வெந்துவிடும். வைத்தியம் இரண்டுக்கும் ஏறக்குறைய ஒன்றுதான், அதனால் வளையம் தெரியவில்லையே என்று குழம்ப வேண்டாம்.

என்ன செய்வது? முதலில் கத்தரிக்கோல். புள்ளி விழுந்த இலைகளை, செடி காய்ந்திருக்கும் நேரமாகப் பார்த்து, காம்போடு வெட்டி எடுங்கள். ஈரமாக இருக்கும்போது தொட்டால் உங்கள் கையே நோயைப் பரப்பும். ஒரே நாளில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் இலையை எடுக்க வேண்டாம், செடி தாங்காது. அப்புறம் காப்பர் ஆக்சிகுளோரைடு லிட்டருக்கு 2.5 முதல் 3 கிராம், அல்லது மேன்கோசெப் லிட்டருக்கு 2 கிராம் கலந்து, இலையின் மேல்புறமும் அடிப்புறமும் நனையத் தெளிக்கலாம். இவை இரண்டும் இலையின் மேல் படலமாக நின்று புதிதாக விழும் பூஞ்சை வித்தைத் தடுப்பவை. ஏற்கெனவே கருகிய இடம் பச்சையாகத் திரும்பாது. பலர் மருந்தடித்து நான்கு நாள் கழித்துப் புள்ளி அப்படியே இருக்கிறதே என்று இன்னும் கூடுதலாக அடிக்கிறார்கள். பார்க்க வேண்டியது பழைய புள்ளியை இல்லை, அதற்கு மேல் இருக்கும் இலைகளில் புதிதாக வருகிறதா என்பதைத்தான். வரவில்லை என்றால் மருந்து வேலை செய்கிறது. பத்து நாள் இடைவெளி போதும், நல்ல மழை பெய்து கழுவிவிட்டால் மறுபடி ஒருமுறை.

ரசாயனம் வேண்டாம் என்பவர்கள் சூடோமோனாஸ் தூளை லிட்டருக்கு 10 கிராம் வீதம் பத்துப் பதினைந்து நாளுக்கு ஒருமுறை தெளிக்கலாம். ஆனால் அதை நோய் வருவதற்கு முன்பே தொடங்க வேண்டும். பாதிச் செடி கருகிய பிறகு சூடோமோனாஸ் அடித்துவிட்டு இயற்கை முறையில் பலனே இல்லை என்று சொல்வது நியாயமில்லை. இன்னொன்று, காப்பர் மருந்தையும் சூடோமோனாஸையும் ஒரே டாங்கில் கலக்காதீர்கள், ஒரே வாரத்திலும் அடிக்காதீர்கள். சூடோமோனாஸ் உயிருள்ள பாக்டீரியா, காப்பர் அதைக் கொன்றுவிடும். நோய்ப் பூஞ்சையை அடக்க மண்ணில் சேர்க்கும் டிரைக்கோடெர்மாவும் உயிருள்ள பூஞ்சை, பூஞ்சைக்கொல்லியோடு சேர்த்தால் அதுவும் வீண். பாக்கெட்டில் காலாவதித் தேதி பார்த்து வாங்குங்கள், வெயில் படாத இடத்தில் வையுங்கள்.

இப்போது நான் உண்மையிலேயே பயப்படும் நோய்க்கு வருகிறேன். பின்பருவ இலைக்கருகல். பெயரைப் பார்த்துக் கடைசியில்தான் வரும் என்று நினைக்காதீர்கள், நாற்று வயதிலும் வரும். இது 15 முதல் 22 டிகிரிக் குளிரும், நாள் முழுக்க மூடிய வானமும், விட்டுவிட்டுத் தூறலுமாக இருந்தால் வரும். பெங்களூரில் ஜூலை, ஆகஸ்டில் ஒரு வாரம் சூரியனே எட்டிப் பார்க்காமல் தூறிக்கொண்டே இருக்குமே, பிறகு நவம்பரில் வங்கக் கடலில் தாழ்வு மண்டலம் உருவானால் இங்கே மூன்று நாள் நசநசவென்று இருக்குமே, அதுதான் அதன் பருவம். இது அடியிலிருந்து ஏறும் என்றெல்லாம் இல்லை. இலையின் ஓரத்திலோ நுனியிலோ வெந்நீர் பட்டது போலக் கரும்பச்சைத் திட்டு வரும், ஒரே நாளில் அது பழுப்பாகிப் பெரிதாகும். தண்டில் பழுப்பும் கருப்புமாகப் பட்டை விழும். பச்சைக் காயில் எண்ணெய் பூசியது போலப் பழுப்புத் திட்டு, தொட்டால் கெட்டியாக இருக்கும்.

சந்தேகமாக இருந்தால் காலை ஆறரை ஏழு மணிக்கு, பனி காய்வதற்கு முன் மாடிக்குப் போய் அந்த இலையைத் திருப்பிப் பாருங்கள். திட்டின் ஓரத்தில், கருகிய பகுதியும் பச்சைப் பகுதியும் சேரும் இடத்தில், மெல்லிய வெள்ளைப் பஞ்சு படர்ந்திருக்கும். பத்து மணிக்குப் போனால் காய்ந்து காணாமல் போயிருக்கும். அந்த வெள்ளைதான் உறுதியான அடையாளம். அதைப் பார்த்த நாளே வேலையைத் தொடங்க வேண்டும், ஞாயிற்றுக்கிழமை பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டால் ஞாயிற்றுக்கிழமை பார்ப்பதற்குச் செடி இருக்காது.

இதை உண்டாக்கும் பைட்டோப்தோரா இன்பெஸ்டன்ஸ்தான் 1845 முதல் அயர்லாந்தில் உருளைக்கிழங்கை அழித்துப் பெரும் பஞ்சத்துக்குக் காரணமானது. தோற்றம் பூஞ்சை போல இருந்தாலும் அது வேறு இனம், அதனால் சாதாரணப் பூஞ்சை மருந்துகள் பல அதனிடம் எடுபடாது. 2009, 2010 வாக்கில் தென்னிந்தியத் தக்காளி வயல்களில் இது கொடூரமாகப் பரவியபோது, 13_ஏ2 என்ற புதிய வகை வந்திருப்பதாக ஆராய்ச்சியாளர்கள் கண்டுபிடித்தார்கள். அந்த வகைக்கு மெட்டலாக்சில் மருந்தைத் தாங்கும் சக்தி இருக்கிறது. இதை ஏன் சொல்கிறேன் என்றால், இன்றைக்கும் கடையில் பின்பருவக் கருகல் என்றால் மெட்டலாக்சில் கலந்த பாக்கெட்டைத்தான் முதலில் நீட்டுகிறார்கள். அதையே நம்பிக்கொண்டிருக்க வேண்டாம். வானம் மூடிக்கொள்ளும் என்று வானிலை அறிக்கை சொல்லும்போதே, நோய் வருவதற்கு முன், மேன்கோசெப் அடித்து வைப்பதுதான் பலன் தரும். வந்துவிட்டால் சைமாக்சனிலும் மேன்கோசெப்பும் சேர்ந்த கலவை கிடைக்கும், லேபிளில் போட்டிருக்கும் அளவில் அடிக்கலாம். தண்டில் கருப்புப் பட்டை விழுந்துவிட்ட செடியைக் காப்பாற்ற முயலாமல் எடுத்துவிடுங்கள், மற்றச் செடிகளாவது பிழைக்கும். பக்கத்துத் தொட்டியில் உருளைக்கிழங்கு இருந்தால் அதையும் பாருங்கள், இரண்டுக்கும் ஒரே நோய்தான்.

அடுத்து வாடல். காலையில் நன்றாக இருந்த செடி மாலையில் தொங்குகிறது, இலை பச்சையாகவே இருக்கிறது, மஞ்சள் கூட ஆகவில்லை, தண்ணீர் ஊற்றினாலும் எழவில்லை. இது ரால்ஸ்டோனியா என்ற பாக்டீரியா உண்டாக்கும் வாடல் நோயாக இருக்க வாய்ப்பு அதிகம். வீட்டிலேயே இதைச் சோதித்துப் பார்க்கலாம், மிக எளிது. செடியைப் பிடுங்கி, தரைக்குச் சற்று மேலே உள்ள தண்டில் இரண்டு மூன்று அங்குலத் துண்டு வெட்டுங்கள். கண்ணாடி டம்ளரில் தெளிந்த தண்ணீர் எடுத்து, தண்டின் வெட்டிய முனை மட்டும் தண்ணீருக்குள் இருக்கும்படி, ஒரு குச்சியிலோ கிளிப்பிலோ கட்டித் தொங்கவிடுங்கள். ஆட்டக் கூடாது. பின்னால் ஒரு கருப்புத் துணி இருந்தால் இன்னும் நன்றாகத் தெரியும். சில நிமிடங்களில் வெட்டுவாயிலிருந்து பால் போன்ற வெள்ளை இழை ஒன்று மெல்ல நேராகக் கீழே இறங்கும். அது முழுக்க முழுக்கப் பாக்டீரியா. தண்டுக்குள் தண்ணீர் ஏறும் குழாய்களை அதுதான் அடைத்துக்கொண்டிருக்கிறது, அதனால்தான் நீங்கள் ஊற்றிய தண்ணீர் மேலே போகவில்லை.

இழை வரவில்லை, ஆனால் தண்டை நீளவாக்கில் பிளந்தால் தோலுக்கு அடியில் பழுப்புக் கோடு ஓடுகிறது, செடியும் ஒரே நாளில் சாயாமல் ஒரு பக்க இலைகள் மட்டும் முதலில் மஞ்சளாகி மெதுவாக வாடியது என்றால் அது புசேரியம் வாடல், பூஞ்சை. வேரைப் பார்த்தால் முண்டு முண்டாக வீங்கியிருக்கிறது என்றால் வேர்முடிச்சு நூற்புழு. நூற்புழு வேரைக் காயப்படுத்தினால் அந்த வழியாக மற்ற இரண்டும் எளிதாக உள்ளே போகும், அதனால் பல நேரம் சேர்ந்தே வரும்.

பாக்டீரியா வாடலுக்கு மருந்து இல்லை. ஆன்டிபயாட்டிக் கரைத்து ஊற்றச் சொல்பவர்கள் இருக்கிறார்கள். தயவுசெய்து செய்யாதீர்கள், செடியும் பிழைக்காது, மனிதர்களுக்கு வேலை செய்ய வேண்டிய மருந்தையும் கெடுத்து வைப்போம். செடியை வேரோடும் மண்ணோடும் எடுத்து மூட்டை கட்டிக் குப்பையில் கொடுத்துவிடுங்கள். அந்த மண்ணைப் பக்கத்துத் தொட்டியில் கொட்டக் கூடாது, அந்தத் தொட்டியிலிருந்து வடியும் தண்ணீர் வேறு தொட்டிக்குப் போகக் கூடாது. மாடியில் இதைக் கவனிப்பவர்கள் குறைவு. வரிசையாகத் தரையில் வைத்த பைகளில் ஒன்றிலிருந்து வழிந்த தண்ணீர் சரிவில் ஓடி அடுத்த பையின் அடி ஓட்டை வழியாக உள்ளே போகும். செங்கல் மேலோ ஸ்டாண்டின் மேலோ தூக்கி வைத்தாலே இந்தப் பிரச்சினை பெரும்பாலும் தீர்ந்துவிடும். அந்தத் தொட்டியில் கத்தரி, மிளகாய், உருளை, இஞ்சி எதுவும் அடுத்து வைக்காதீர்கள், எல்லாவற்றையும் பிடிக்கும். கீரையோ பீன்ஸோ வெங்காயமோ போடுங்கள்.

உங்கள் கொழுந்து சுருளும் இரண்டு செடிகள். இலை மேல்நோக்கிக் கிண்ணம் போல மடிந்து, சின்னதாகி, நரம்புகளுக்கு இடையில் வெளிறி, கணுக்கள் நெருங்கிச் செடி குட்டையாகப் புதர் போல நிற்கிறது, பூ வந்தாலும் உதிர்கிறது என்றால் இலைச்சுருள் வைரஸ். இதில் ஒரு வகைக்கு நம் ஊரின் பெயரையே வைத்திருக்கிறார்கள், தக்காளி இலைச்சுருள் பெங்களூர் வைரஸ். அந்த அளவுக்கு இந்த வட்டாரத்துக்குப் பழகிய நோய். பரப்புவது வெள்ளை ஈ. செடியை லேசாகத் தட்டினால் இலையின் அடியிலிருந்து வெள்ளைத் தூள் பறப்பது போல எழும்பி மறுபடி உட்காரும், அதுதான். நோயுள்ள செடியில் சாறு உறிஞ்சிய ஈ அடுத்த செடியில் உட்கார்ந்தால் போதும். பிப்ரவரி முதல் மே வரை வெயில் காலத்தில் ஈ பெருகுவதால் அப்போதுதான் இது மிக மோசமாக இருக்கும்.

ஆனால் ஒரு எச்சரிக்கை. அடி இலைகள் மட்டும் உள்நோக்கிச் சுருண்டு, கெட்டியாக, பச்சையாகவே இருந்து, கொழுந்து நன்றாக வளர்கிறது என்றால் அது வைரஸ் இல்லை. வெயில், தண்ணீர்க் குறைவு, அளவுக்கு மேல் இலை கிள்ளியது, இவற்றுக்குச் செடி அப்படிக் காட்டும். அதற்காகப் பிடுங்கிவிடாதீர்கள். கொழுந்து இலை கீழ்நோக்கிச் சுருண்டு அடியில் பழுப்பாகப் பளபளத்தால் சிலந்திப் பேன் வகையாக இருக்கலாம், நனையும் கந்தகம் (தண்ணீரில் கலந்து அடிக்கும் கந்தகத் தூள்) லிட்டருக்கு 2 கிராம் அடித்தால் கேட்கும். கொழுந்து வெண்கல நிறமாகிக் கருகி, தண்டில் கருங்கோடு விழுந்து, பழத்தில் வளைய வளையமாக மஞ்சள் திட்டு வந்தால் இலைப்பேன் பரப்பும் மொட்டுக் கருகல் வைரஸ், அதற்கும் மருந்து கிடையாது.

வைரஸ் வந்த செடி ஒன்றிரண்டாக இருக்கும்போதே எடுத்துவிட வேண்டும். பாசமாக வளர்த்த செடியைப் பிடுங்க மனசு வராது, தெரியும். ஆனாலும் பூ வரும் முன்பே சுருண்ட செடியில் ஒரு கிலோ கூட எடுக்க முடியாது, அது நிற்கும் ஒவ்வொரு நாளும் மற்றச் செடிகளுக்கு ஆபத்து. பிடுங்குவதற்கு முன் அதன் மேல் சோப்புத் தண்ணீர் தெளித்துவிட்டு, பெரிய பிளாஸ்டிக் பையைத் தலைகீழாகக் கவிழ்த்து மூடிப் பிடுங்குங்கள், இல்லாவிட்டால் ஆட்டிய ஆட்டத்தில் ஈயெல்லாம் பறந்து பக்கத்துச் செடியில் உட்காரும். பெரிய காய்கள் பிடித்த பிறகு சுருண்ட செடியானால், வேறு இளம் செடி பக்கத்தில் இல்லை என்றால் மட்டும், அந்தக் காய்களைப் பழுக்க விட்டு எடுத்துக்கொள்ளலாம்.

இங்கேதான் வேப்பெண்ணெய்க்கு வேலை. லிட்டருக்கு 3 முதல் 5 மில்லி. முதலில் கொஞ்சம் தண்ணீரில் காதி சோப்பையோ சோப்புத் திரவத்தையோ கரைத்து, அதில் எண்ணெயை ஊற்றிப் பால் போல ஆகும் வரை குலுக்கி, பிறகு மீதித் தண்ணீர். எண்ணெய் மிதந்தால் இலை வெந்துவிடும். மாலை ஐந்து மணிக்கு மேல், இலையின் அடிப்புறம் நனைய அடிக்க வேண்டும், வெள்ளை ஈயும் அதன் குஞ்சும் அங்கேதான் இருக்கும். மேலே மட்டும் தெளித்தால் பயனில்லை. கூடவே செடி உயரத்துக்கு மஞ்சள் ஒட்டும் அட்டை தொங்கவிடுங்கள். கந்தகம் அடித்திருந்தால் இரண்டு வாரமாவது எண்ணெய் அடிக்க வேண்டாம், இரண்டும் சேர்ந்தால் இலை கருகும்.

எல்லாவற்றையும் விட முக்கியம் நாற்றுப் பருவம். முதல் ஒன்றரை மாதம் செடியில் வைரஸ் ஏறவில்லை என்றால் அப்புறம் ஏறினாலும் ஓரளவு காய் கிடைக்கும். அதனால் நாற்றுத் தட்டை நெருக்கமான கண்ணுள்ள நைலான் வலைக்குள் வைத்து வளருங்கள், சாதாரணக் கொசுவலையின் கண் வெள்ளை ஈக்குப் பெரியது. நர்சரியிலிருந்து நாற்று வாங்குவதானால் இலையைத் திருப்பிப் பார்க்காமல் வாங்காதீர்கள், விற்பவர் முகம் சுளித்தாலும் பரவாயில்லை. நாற்றின் தண்டு மண்ணோடு சேரும் இடத்தில் நூல் போல மெலிந்து கருத்திருந்தால் நாற்றழுகல், அந்தத் தட்டையே தொடாதீர்கள்.

மற்றவை சுருக்கமாக. இலை மேல் வெள்ளை மாவு தூவியது போல இருந்தால் சாம்பல் நோய், ஜனவரி முதல் மார்ச் வரை வறண்ட காலத்தில் வரும், நனையும் கந்தகம் கேட்கும், ஆனால் கடும் வெயிலில் அடிக்காதீர்கள். ஒரு பங்கு பாலுக்கு ஒன்பது பங்கு தண்ணீர் கலந்து வெயில் நேரத்தில் அடித்தாலும் ஆரம்பக் கட்டத்தில் ஓரளவு குறையும். இலையில் வெள்ளைப் பாம்புக் கோடு போட்டிருந்தால் அது இலைக்குள் துளைத்துப் போகும் புழு, அந்த இலையைக் கிள்ளி நசுக்கினால் போதும். கோடாக இல்லாமல் அகலமான திட்டாக இலை தாளைப் போல ஆகி, காயிலும் ஊசித் துளை இருந்தால் ஊசிப்புழு, 2014 இல் இந்தியாவுக்குள் வந்த பூச்சி, அதற்கு, வாசனையால் ஆண் பூச்சியை இழுத்துப் பிடிக்கும் இனக்கவர்ச்சிப் பொறி கிடைக்கிறது. இலையில் வெளிர்பச்சையும் கரும்பச்சையும் திட்டுத் திட்டாக இருந்தால் மொசைக் வைரஸ், இது கையாலும் கத்தரிக்கோலாலும் பரவும், புகையிலையிலிருந்தும் வரலாம் என்பதால் பீடி, சிகரெட் தொட்ட கையைச் சோப்புப் போட்டுக் கழுவாமல் தக்காளிச் செடியைத் தொடக் கூடாது.

காயின் அடிப்பகுதி மட்டும் கருத்துத் தோல் போல உள்வாங்கியிருக்கிறதா? அது நோயே இல்லை, மருந்தும் வேண்டாம். காய்க்குக் கால்சியம் போய்ச் சேரவில்லை என்று அர்த்தம். உடனே எல்லோரும் முட்டை ஓட்டைத் தேடுவார்கள். முட்டை ஓடு மண்ணில் கரைய மாதக்கணக்கில் ஆகும், அதோடு நம் ஊர் போர்வெல் தண்ணீரில் பெரும்பாலும் சுண்ணாம்புச் சத்து ஏற்கெனவே நிறைய இருக்கிறது. குறைவது தண்ணீரின் ஒழுங்கு. கால்சியம் தண்ணீரோடு சேர்ந்துதான் மேலே ஏறும். இரண்டு நாள் காயவிட்டு மூன்றாம் நாள் வழிய வழிய ஊற்றினால், அதுவும் சின்னப் பையில் தேங்காய் நார் அதிகம் போட்டிருந்தால், இது வந்தே தீரும். செடிக்கு 15 லிட்டருக்குக் குறையாத பை, தினமும் ஒரே அளவு தண்ணீர், மேலே காய்ந்த இலையோ கரும்புச் சக்கையோ மூடாக்கு, தழைச்சத்து உரத்தைக் குறைப்பது, இவ்வளவுதான். கருத்த காய் சரியாகாது, அதைக் கிள்ளிவிடுங்கள், அடுத்த கொத்து நன்றாக வரும். பழம் வெடிப்பதும் இதே தண்ணீர்ப் பிரச்சினைதான்.

இனி வராமல் தடுப்பது. ஒன்றே ஒன்றுதான் செய்ய முடியும் என்றால், ரகத்தை மாற்றுங்கள். ஹெசரகட்டாவில் இருக்கும் இந்தியத் தோட்டக்கலை ஆராய்ச்சி நிறுவனம் நமக்குப் பக்கத்திலேயே இருக்கிறது, இதே மண்ணுக்கும் இதே நோய்களுக்கும் ரகம் உருவாக்குகிறவர்கள். அவர்களுடைய அர்கா ரக்ஷக் இலைச்சுருள், பாக்டீரியா வாடல், முன்பருவக் கருகல் மூன்றையும் தாங்கும். அர்கா சாம்ராட்டும் அப்படித்தான். அர்கா அபேத் பின்பருவக் கருகலையும் சேர்த்து நான்கைத் தாங்கும். இவை கலப்பினங்கள், பழத்திலிருந்து விதை எடுத்துப் போட்டால் அதே குணம் வராது, ஒவ்வொரு முறையும் விதை வாங்க வேண்டும். தாங்கும் என்றால் வரவே வராது என்று பொருள் இல்லை, ஆனால் நாட்டுத் தக்காளி மொத்தமாகச் சாயும் வாரத்தில் இவை நின்றுகொண்டிருக்கும். வாடல் நோய் ஏறிய மண்ணில்தான் நட்டாக வேண்டும் என்றால், சுண்டைக்காய் அல்லது கத்தரி வேரில் தக்காளியை ஒட்டுக் கட்டிய நாற்றைத் தேடிப் பாருங்கள்.

இரண்டாவது, இலையை நனையவிடாமல் பார்ப்பது. பூஞ்சை வித்து இலைக்குள் இறங்க, இலை பல மணி நேரம் தொடர்ந்து ஈரமாக இருக்க வேண்டும். மழைக்காலத்தில் செடிகளுக்கு மேல் சாய்வாக ஒரு வெளிப்படையான பாலித்தீன் ஷீட் கட்டி, பக்கங்களைத் திறந்தே விட்டால் கருகல் நோய் பாதிக்குப் பாதி குறைவதைக் கண்ணால் பார்க்கலாம். வேறு எந்த மருந்தையும் விட நான் இதைத்தான் நம்புகிறேன். தண்ணீரைக் காலையில், வேரடியில் ஊற்றுங்கள், குழாயைப் பிடித்துத் தலை வழியாக அடிக்க வேண்டாம். மண் தெறித்து இலையில் படுவதால்தான் அடி இலையில் நோய் தொடங்குகிறது, அதனால் மூடாக்கு போடுங்கள், முதல் கொத்து காய் பிடித்ததும் தரையிலிருந்து ஒரு அடி வரை இருக்கும் இலைகளை எடுத்துவிடுங்கள். செடிக்குச் செடி இரண்டு அடி இடைவெளி, குச்சி நட்டுக் கட்டுவது. பத்துச் செடி வைக்கும் இடத்தில் ஆறு வைத்தால் ஆறு செடியும் கூடுதலாகக் காய்க்கும்.

மண் விஷயம். பழைய மண்ணைத் தூக்கிப் போட முடியாதவர்கள் ஏப்ரல், மே வெயிலில் அதைக் கருப்பு ஷீட்டின் மேல் அரை அடி உயரத்துக்குப் பரப்பி, நன்றாக நனைத்து, மேலே மெல்லிய வெளிப்படையான பாலித்தீனைக் காற்றுப் புகாமல் மூடி ஓரத்தில் செங்கல் வைத்து, நான்கு முதல் ஆறு வாரம் விடுங்கள். நூற்புழுவும் பல பூஞ்சைகளும் வெந்துவிடும். பிறகு வேப்பம் பிண்ணாக்கும், மக்கிய எருவில் கலந்த டிரைக்கோடெர்மாவும் சேர்த்து நிரப்பலாம். வாடல் பாக்டீரியா இருந்த மண்ணை மட்டும் இப்படிச் செய்தும் தக்காளிக்குப் பயன்படுத்த வேண்டாம். நோய் வந்த இலை, தண்டு எதையும் வீட்டு உரத் தொட்டியில் போடாதீர்கள், சின்னத் தொட்டியில் கிருமி சாகும் அளவுக்குச் சூடு ஏறாது.

மருந்து அடிப்பவர்களுக்கு. கையுறை, முகக்கவசம், முழுக்கைச் சட்டை. காற்று அடிக்காத நேரம். மொட்டை மாடியில் தண்ணீர்த் தொட்டியின் மூடி சரியாக மூடியிருக்கிறதா என்று முதலில் பாருங்கள், பக்கத்து வீட்டுக் கொடியில் துணி காய்ந்தால் சொல்லிவிட்டு அடியுங்கள், பக்கத்தில் இருக்கும் துளசி, புதினா, கொத்தமல்லித் தொட்டிகளை நகர்த்துங்கள், அவற்றை அப்படியே பறித்துச் சாப்பிடுவோம். பழுக்கத் தொடங்கிய காய்களை முதலில் பறித்துவிட்டுத்தான் அடிக்க வேண்டும். லேபிளில் அறுவடைக்கு எத்தனை நாள் காத்திருக்க வேண்டும் என்று போட்டிருக்கும், அதற்குள் பறிக்கக் கூடாது. கடையில் தாளில் பொட்டலம் கட்டிச் சில்லறையாகக் கொடுத்தால் வாங்காதீர்கள், லேபிள் இல்லாத மருந்தில் அளவும் தெரியாது, காத்திருக்கும் நாளும் தெரியாது. மருந்து அளந்த ஸ்பூனும் கலந்த வாளியும் சமையலறைப் பக்கம் திரும்பி வரவே கூடாது.

சரி, உங்கள் மாடிக்கு வருவோம். தொங்கிய செடியை இன்றே பிடுங்கி டம்ளர் சோதனை செய்யுங்கள். சுருண்ட இரண்டையும் பை கவிழ்த்து எடுங்கள். மீதிச் செடிகளில் புள்ளி இலைகளை வெட்டி, மழை இல்லாத மாலையாகப் பார்த்துக் காப்பர் அடியுங்கள், பத்து நாள் கழித்து மேல் இலைகளைப் பாருங்கள். வேப்பெண்ணெயை நிறுத்த வேண்டாம், வெள்ளை ஈக்காக அதைத் தொடரலாம், ஆனால் காப்பர் அடித்த அன்று வேண்டாம். அதோடு இப்போதே அர்கா ரக்ஷக்கோ அபேத்தோ விதை வாங்கி இந்த மாதக் கடைசியில் வலைக்குள் நாற்று விட்டால் அக்டோபர் கடைசியில் நடலாம். நவம்பர்த் தூறலுக்கு மட்டும் மேலே ஷீட் கட்டிவிட்டால், வெள்ளை ஈ பெருகும் மார்ச்சுக்கு முன்பே பெரும்பகுதிக் காயைப் பறித்துவிடலாம், என்னைக் கேட்டால் பெங்களூரில் மாடித் தக்காளிக்கு அதுதான் நல்ல பருவம். டம்ளரில் இழை இறங்கியதா இல்லையா என்பதை மட்டும் எழுதுங்கள், அதைப் பொறுத்துத்தான் பழைய பைகளில் எதை வைக்கலாம், எதை வைக்கக் கூடாது என்று சொல்ல முடியும்.